விடியாத இரவும் ஒன்றரை மணி நேரமும்

சூரியனை உதிக்கவிடாமல் தடுத்தவர் என்று நம் கதைமரபு நினைவில் வைத்திருப்பது ஒரு முனிவரையோ மந்திரவாதியையோ அல்ல. கணவனைக் கூடையில் வைத்துத் தலையில் சுமந்த ஒரு மனைவியை. நளாயினி கதையை நம்மில் பலர் பாட்டியிடமோ கதாகாலட்சேபத்திலோ கேட்டிருப்போம். கணவன் தொழுநோயாளி, எதற்கெடுத்தாலும் எரிந்து விழுபவன். அவனுக்கு ஒரு தாசியின் மேல் ஆசை வருகிறது. நடக்க முடியாத அவனை மனைவியே சுமந்துகொண்டு இருட்டில் புறப்படுகிறாள். வழியில் கழுவில் ஏற்றப்பட்டுத் துடித்துக்கொண்டிருக்கும் மாண்டவ்ய முனிவர் மீது கூடை இடித்துவிடுகிறது. தன் வலியைக் கூட்டியவன் சூரிய உதயத்தில் சாவான் என்று அவர் சபிக்கிறார். அப்படியானால் சூரியன் உதிக்காது என்கிறாள் அவள். உதிக்கவில்லை.

காலத்தைத் தன் சொல்லுக்குள் கொண்டுவரும் மந்திரச் சடங்குகள் உலகத்தின் எல்லாக் கதைமரபுகளிலும் இருக்கின்றன. நம் மரபின் தனித்தன்மை, அந்தச் சக்தியைத் தயங்காமல் பெண்ணின் கையில் கொடுத்திருப்பது. இதைப் பெருமையாகச் சொல்பவர்கள் உண்டு: "பாருங்கள், சூரியனையே நிறுத்தினாள் எங்கள் பெண்." சக்தி யாரிடம் இருந்தது என்பதோடு இந்தப் பெருமை நின்றுவிடுகிறது. நிறுத்திய நேரம் யாருக்குப் போய்ச் சேர்ந்தது என்று நான் கேட்க விரும்புகிறேன்.

நளாயினியின் சடங்கில் யாகமில்லை, எந்திரத் தகடு இல்லை, உச்சாடனம் இல்லை. புண்ணைக் கழுவியது, எச்சிலை உண்டது, வசையைப் பொறுத்தது, இவைதான் சடங்கு. பல வருட ஊழியம் ஒரு சீட்டு கட்டுவதைப்போலச் சேர்ந்துகொண்டே வருகிறது. ஒரே ஒரு முறை அவள் அந்தச் சீட்டை எடுக்கிறாள். எடுத்த தொகை முழுவதும் கணவன் பெயரில் வரவு வைக்கப்படுகிறது. கழுமரத்தில் கிடப்பவருக்கு அதில் பங்கு இல்லை. வாசலில் விளக்கை வைத்துக்கொண்டு காத்திருந்த தாசிக்கு இல்லை. சுமந்தவளுக்கும் இல்லை.

இந்தக் கதைக்கு இரண்டு வேர்கள் இருக்கின்றன. மார்க்கண்டேய புராணத்தில் கௌசிகன் என்ற அந்தணனின் மனைவி கதையாக இது வருகிறது. சூரியன் உதிக்காததால் யாகங்கள் நின்றுபோக, தேவர்கள் அஞ்சி அநசூயையிடம் ஓடுகிறார்கள். அநசூயை வந்து அந்தப் பெண்ணிடம் பேசி இணங்க வைக்கிறாள். சூரியன் உதிக்கிறது, கணவன் விழுகிறான், அநசூயை தன் கற்பின் வலிமையால் அவனை நோயற்றவனாக, இளைஞனாக எழுப்புகிறாள். கவனியுங்கள்: தேவர்களால் தீர்க்க முடியாத நெருக்கடியை இரண்டு பெண்கள் உட்கார்ந்து பேசித் தீர்க்கிறார்கள். ஆனால் அவர்கள் பேசித் தீர்த்த விஷயம் அவன் உயிர். அவளுடைய சோர்வைப் பற்றி அநசூயைகூடக் கேட்கவில்லை.

இரண்டாவது வேர் தென்னக மகாபாரத மரபு. அங்கே நளாயினி திரௌபதியின் முற்பிறப்பு, மௌத்கல்ய முனிவரின் மனைவி. அவர் உண்ட மிச்சத்தில் அவருடைய விரல் ஒன்று அழுகி விழுந்து கிடக்க, அதை எடுத்து ஒதுக்கிவிட்டுச் சோற்றை உண்கிறாள். மெச்சிய முனிவர் தன் நோய் வடிவத்தைக் களைந்து, அவள் விரும்பியபடி பல வடிவங்கள் எடுத்து நெடுங்காலம் அவளுடன் இன்பமாக வாழ்கிறார். ஒரு நாள் அவருக்கு அலுத்துவிடுகிறது, தவத்துக்குக் கிளம்புகிறார். அவளுக்கு அலுக்கவில்லை. இன்னும் வேண்டும் என்கிறாள். அதற்குக் கிடைத்ததுதான் அடுத்த பிறப்பில் ஐந்து கணவர் என்ற சாபம்.

நம் வீடுகளில் புழங்கும் நளாயினி கதை இந்த இரண்டையும் ஒன்றாகத் தைத்துக்கொண்டது. தைக்கும்போது எதை வெட்டி எறிந்தது என்பதில்தான் தையல்காரரின் எண்ணம் தெரிகிறது. விரல் கிடந்த சோறு தங்கியது. கூடை தங்கியது. சூரியன் தங்கியது. "இன்னும் வேண்டும்" என்ற குரல் காணாமல் போனது. கணவனுக்காக ஒரு இரவை நீட்டித்தவள் பத்தினி. தனக்காக ஒரு வாழ்க்கையை நீட்டிக்கக் கேட்டவள் சபிக்கப்பட்டவள். இரண்டு பேருக்கும் ஒரே பெயர். நாம் பிள்ளைகளுக்குச் சொல்வது முதலாமவளை மட்டும்.

வகுப்பில் கற்பு என்ற கருத்தாக்கத்தைப் பேசும்போது இந்தக் கதையைச் சொல்வேன். ஓர் இளங்கலை மாணவி ஒருமுறை எழுந்து கேட்டாள்: "மேம், சூரியன் வராத அந்த நாட்கள்ல சமையல் யார் பண்ணாங்க?" வகுப்பு சிரித்தது. அவள் சிரிக்கவில்லை. விடிந்தால்தானே வேலை தொடங்கும், விடியாவிட்டால் தூங்கலாமா என்பதுதான் அவள் சந்தேகம். அவள் வீட்டில் விடிவதற்கு முன்பே எழுபவள் அவள்தான் என்பது பிறகு தெரிந்தது.

புராணத்தில் அந்த நீண்ட இரவைப் பற்றிக் கவலைப்படுபவர்கள் அவிர்ப்பாகம் கிடைக்காத தேவர்கள். மாவு அரைக்க வேண்டியவள், மாட்டைக் கறக்க வேண்டியவள், பசிக்கு அழும் குழந்தையை வைத்திருப்பவள் யாரும் அந்தக் கதைக்குள் வரவில்லை. சூரியன் நின்றால் யாகம் நிற்கும், பசி நிற்காது. ஆகவே அடுப்பும் நின்றிருக்காது.

இந்திய அரசின் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பை அந்த மாணவியின் கேள்வியோடு சேர்த்துப் படிப்பது பயனுள்ளது. 2019-ல், ஊதியமில்லாத வீட்டுவேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்கு நாளொன்றுக்கு 299 நிமிடம் செலவிட்டார்கள், ஈடுபடும் ஆண்கள் 97 நிமிடம். 2024-ல் பெண்களுக்கு 289, ஆண்களுக்கு 88. ஐந்து ஆண்டுகளில் பெண்களுக்குப் பத்து நிமிடம் குறைந்தது, ஆண்களுக்கு ஒன்பது நிமிடம் குறைந்தது. இடைவெளி 202-லிருந்து 201 ஆகியிருக்கிறது. இடையில் ஒரு பெருந்தொற்றுக்காலம் வந்து வீட்டோடு எல்லோரையும் பூட்டிவைத்தது. அதற்குப் பிறகும் அந்த ஒரு நிமிடம்தான் நகர்ந்திருக்கிறது.

நளாயினியைப் புராணம் என்று ஒதுக்கிவிடலாம் என்றால், இன்றைக்கும் நடக்கும் சடங்குகள் இருக்கின்றன. மாசி முடிந்து பங்குனி பிறக்கும் அந்த நேரத்தில் காரடையான் நோன்பு நூற்கிறார்கள். பெரும்பாலும் பிராமணக் குடும்பங்களின் வழக்கம். மாதம் பிறக்கும் நொடி நள்ளிரவில் வந்தாலும் விடியற்காலையில் வந்தாலும் அந்த நேரத்தில்தான் மஞ்சள் சரடு கட்டிக்கொள்ள வேண்டும். அரிசிமாவும் காராமணியும் சேர்த்து வெல்ல அடை, உப்பு அடை, தொட்டுக்கொள்ள வெண்ணெய். ஒரு வருடத்தில் சாவான் என்று நாரதர் நாள் குறித்த சத்தியவானைச் சாவித்திரி மீட்ட கதைதான் இதன் அடித்தளம். இரண்டு மாதங்கள் தொட்டுக்கொள்ளும் மூட்டைப் பிடித்து, அந்த இடத்தில் கணவனின் ஆயுளுக்கு முடிச்சுப் போடும் சடங்கு இது.

மூலக்கதையில் சாவித்திரியின் ஆயுதம் அடை அல்ல, பேச்சு. தானே தேடிப் போய்த் துணையைத் தேர்ந்தெடுத்தவள் அவள். சாகும் தேதி தெரிந்தும் தேர்வை மாற்றிக்கொள்ளாதவள். எமனோடு நடந்துகொண்டே வாதாடி, மாமனாருக்குப் பார்வை, இழந்த அரசு, தந்தைக்குப் பிள்ளைகள், தனக்குப் பிள்ளைகள் என்று ஒவ்வொன்றாக வாங்கி, கடைசியில் எமன் தன் சொல்லாலேயே கட்டுண்டு நிற்கும்படி செய்தவள். வாதாடிய பெண்ணின் நினைவுநாளில் நாம் வாதத்தை எடுத்துவிட்டுச் சரட்டை வைத்துக்கொண்டோம்.

கே.கே. நகரில் நான் குடியிருக்கும் அடுக்குமாடியில் மேல்தளத்து மாமி ஒவ்வொரு வருடமும் எனக்கு அடை கொடுத்தனுப்புவார். அவர் கணவர் இறந்த அடுத்த மார்ச்சிலும் அடை வந்தது. மகளுக்கும் மருமகளுக்கும் அவர்தான் செய்துகொடுத்தார், சரடு மட்டும் கட்டிக்கொள்ளவில்லை. பாத்திரத்தைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது அவர் சொன்னார்: "நாப்பத்திரெண்டு வருஷம் ஒரு நாழி தப்பாம பண்ணேன்மா. எங்க தப்பித்துன்னுதான் யோசிச்சிண்டே இருக்கேன்."

இந்தச் சடங்குகளைப் பற்றி நான் எழுத நினைத்ததற்கு அந்த வாக்கியம்தான் காரணம். கணவனின் காலத்தை நீட்டிக்கும் சக்தி மனைவியிடம் இருக்கிறது என்று ஒரு சமூகம் அவளுக்குக் கற்றுக்கொடுத்தால், அவன் இறந்த அன்று அவள் தோற்றவளாகிறாள். மாரடைப்புக்கு மருத்துவக் காரணம் இருக்கிறது. மாமியின் கணவருக்கு இருந்தது, எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் நோன்பு பலிக்கவில்லை என்று அவர் வாயில் வராது. நான் பிசகிவிட்டேன் என்றுதான் வரும். விதவைக்கு எதிரான அத்தனை வழக்கங்களுக்கும் இந்தக் கணக்குதான் வேர். சக்தி கொடுப்பதாகச் சொல்லிக் கொடுத்தது பொறுப்பை, பிறகு பழியை.

திருக்கடையூருக்குப் போனால் இந்தக் கணக்கைக் கல்வெட்டுப்போலத் தெளிவாகப் பார்க்கலாம். மார்க்கண்டேயனுக்காகச் சிவன் எமனை உதைத்த தலம் என்பதால், ஆயுள் வேண்டி அங்கே நாள்தோறும் மணவிழாக்கள் நடக்கின்றன. அறுபதுக்கு மணிவிழா, எழுபதுக்குப் பீமரத சாந்தி, எண்பதுக்குச் சதாபிஷேகம். அறுபது யாருக்கு? கணவனுக்கு. மனைவிக்கு அன்று ஐம்பத்தைந்தோ ஐம்பத்தெட்டோ இருக்கலாம், யாரும் கேட்பதில்லை. அவளுக்கு அறுபது ஆகும் நாள் காலண்டரில் சாதாரண நாளாகக் கடந்து போகும். அவன் முன்பே போய்விட்டால், அவளுக்கு எண்பது வயதானாலும் அந்த மண்டபத்தில் மணையில் உட்கார இடமில்லை. அவளது காலம் தனியாக எண்ணப்படுவதே இல்லை.

அதே ஊர்தான் அபிராமி பட்டர் கதைக்கும் களம். தை அமாவாசையன்று மன்னர் சரபோஜி திதி என்ன என்று கேட்க, பௌர்ணமி என்று சொல்லிவிட்டார் பட்டர். அவரைக் காப்பாற்ற அபிராமி தன் தாடங்கத்தைக் கழற்றி வானில் எறிய, அது முழு நிலவாக ஒளிர்ந்தது என்பது தலபுராணம். பக்தியின் உருக்கத்தை நான் மறுக்கவில்லை. அபிராமி அந்தாதி என் நாவில் வளர்ந்த நூல். ஆனாலும் ஓர் ஆண் நாளைத் தவறாகச் சொன்னால் வானமே திருத்தப்படுகிறது. மேல்தளத்து மாமி ஒரு நாழிகையும் தவறாமல் இருந்தும் தன் தவற்றைத் தேடிக்கொண்டிருக்கிறார்.

தமிழ் சினிமாவும் காலத்தோடு விளையாடத் தொடங்கிவிட்டது. 'இன்று நேற்று நாளை' (2015), '24' (2016), 'மாநாடு' (2021), 'மார்க் ஆண்டனி' (2023) என்று எந்திரமும் கைக்கடிகாரமும் தொலைபேசியும் பழைய மந்திரத்தின் இடத்துக்கு வந்திருக்கின்றன. சடங்கு அறிவியல் உடை போட்டதும் அது ஆண் கைக்கு மாறிவிட்டது. '24' படத்தின் நாயகன் கடிகாரத்தைக் காதல் விளையாட்டுக்கும் பயன்படுத்துகிறான். நேரத்தைத் திருப்பியது அவனுக்குத் தெரியும், அவளுக்குத் தெரியாது. அவள் அறியாமல் அவள் வாழ்ந்த நிமிடங்கள் அழிக்கப்பட்டதைத் திரையரங்கம் குறும்பு என்று ரசிக்கிறது. பெண்ணிடம் இருந்தபோது காலத்தை நிறுத்துவது கடமை. ஆணிடம் வந்ததும் அது சாகசம்.

இவ்வளவுக்கு நடுவில், பெண்கள் தாங்களே கண்டெடுத்ததுபோலத் தோன்றும் ஒரு சடங்கைப் பற்றியும் பேச வேண்டும். செவ்வாய்க்கிழமை மூன்று மணிக்கு கே.கே. நகர் பக்கத்துக் கோயில் ஒன்றின் துர்க்கை சந்நிதிக்குப் போனால், எலுமிச்சம்பழத்தைப் பாதியாக அறுத்து, சாறு பிழிந்து, மூடியை வெளிப்புறமாகத் திருப்பி, நெய்விட்டுத் திரிபோட்டு ஏற்றிக்கொண்டிருக்கும் பெண்களைப் பார்க்கலாம். அது ராகுகாலம். மூன்றிலிருந்து நாலரை வரை. வெள்ளிக்கிழமையென்றால் பத்தரையிலிருந்து பன்னிரண்டு. அந்த ஒன்றரை மணி நேரத்தில் பெண் பார்க்கப் போகமாட்டார்கள், முன்பணம் கொடுக்கமாட்டார்கள், வண்டி எடுக்கமாட்டார்கள். நாட்காட்டி கறுப்புப் பூசிய நேரம் அது. யாருக்கும் வேண்டாத அந்த நேரத்தை இந்தப் பெண்கள் எடுத்துக்கொள்கிறார்கள். எரியும் விளக்கால் கெட்ட நேரத்தை நல்ல நேரமாக்குகிறார்கள்.

வேண்டுதல்கள் பழையவைதான்: மகள் கல்யாணம், மகன் வேலை, கணவனின் குடி. அதில் புரட்சி எதுவும் இல்லை. ஆனால் நேரத்தைப் பாருங்கள். செவ்வாய் மூன்று மணி என்பது மதியப் பாத்திரம் கழுவி முடித்ததற்கும் பள்ளிக்கூட வேன் வருவதற்கும் இடைப்பட்ட நேரம். அந்த நேரத்தில் "சும்மா வெளியே போயிட்டு வரேன்" என்று சொன்னால் கேள்வி வரும். "துர்க்கைக்கு விளக்குப் போட" என்றால் வராது. விளக்கை ஏற்றியபின் அவர்கள் உடனே எழுந்து போவதில்லை. பிராகாரத்துத் தூணில் சாய்ந்து உட்காருகிறார்கள், கால் நீட்டுகிறார்கள், பேசுகிறார்கள். சிலர் பேசாமல் கண்ணை மூடிக்கொள்கிறார்கள். ஒன்பது வாரம் என்று நேர்ந்துகொண்டவர்கள் ஒன்பது முறை வந்துபோகிறார்கள். பெண்ணியவாதிகள் மூடநம்பிக்கை என்று கடந்துபோகும் இடத்தில், நான் வேறொன்றையும் பார்க்கிறேன்: வீடு தராத ஒன்றரை மணி நேரத்தை ராகுவிடமிருந்து வாங்கிக்கொள்ளும் பெண்கள். நல்ல நேரத்தில் அவர்களுக்கு இடமில்லை என்பதும் அதே காட்சியில் தெரிகிறது. விளக்கு இல்லாமல், காரணம் சொல்லாமல், அந்தத் தூணில் சாய அவர்களுக்கு உரிமை இருக்கிறதா என்றால், இல்லை.

இலக்கியத்துக்குத் திரும்புவோம். சிலப்பதிகாரத்தின் வஞ்சின மாலையில் கண்ணகி புகார் நகரத்துப் பத்தினிகள் எழுவரைச் சொல்கிறாள். அவர்களில் ஒருத்தி, கடலுக்குப் போன கணவன் திரும்பும்வரை கரையில் கல்லாக நின்றாள், வந்ததும் கல்லுருவை நீத்தாள். நளாயினி உலகத்தின் காலத்தை நிறுத்தினாள், இவள் தன் காலத்தை நிறுத்திக்கொண்டாள். அவன் கடலில் இருந்த வருடங்கள் அவனுக்கு வாழ்க்கை, அவளுக்குக் கல். அகலிகையும் கல்தான், ஆனால் புதுமைப்பித்தன் 'சாப விமோசனம்' கதையில் அந்தக் கல்லின் பொருளையே மாற்றினார். சீதையைத் தீயில் இறங்கச் சொன்னது ராமன்தான் என்று கேட்டதும் அவருடைய அகலிகை மறுபடி கல்லாகிறாள். யாருக்காகவும் காத்திருக்கும் கல் அல்ல அது. இப்படிப்பட்ட காலத்தில் வாழ மறுத்த கல். தன்னுடைய காலத்தைப் பற்றித் தானே முடிவெடுத்தாள் என்பது பெரிது. ஆனால் முடிவெடுக்க அவளுக்குக் கிடைத்தது கல்லாவது மட்டுமே என்பது என்னை எப்போதும் உறுத்துகிறது.

மணிமேகலையில்தான் இதற்கு வேறு வழி திறக்கிறது. மணிபல்லவத்தில் புத்தபீடிகையைக் கண்டு தொழும் மணிமேகலைக்குத் தன் முற்பிறப்பு தெரிந்துவிடுகிறது. இலக்குமி என்ற பெயரில், பாம்பின் நஞ்சால் இறந்த இராகுலனின் மனைவியாக இருந்தவள் அவள். தன்னைத் துரத்தும் உதயகுமரன்தான் அந்த இராகுலன். இதுவும் காலத்தைத் திறக்கும் சடங்குதான். ஆனால் இங்கே பெண் காலத்துக்குள் போவது யாரையும் மீட்க அல்ல, தன் நெஞ்சு ஏன் அவன் பின்னால் போகிறது என்று தெரிந்துகொள்ள. தெரிந்தபின் அந்தக் கட்டிலிருந்து அவள் விலகப் பார்க்கிறாள்.

அவன் வெட்டுண்டு இறந்தபின் கந்திற்பாவை அவளுக்குச் சொல்லும் காரணம் இன்னும் வியப்பானது. முற்பிறப்பில் இராகுலன், கால் இடறி விழுந்து உணவைக் கொட்டிய ஒரு சமையற்காரனை வாளால் வெட்டிக் கொன்றான், அந்த வினைதான் இப்போது வந்தது. சாத்தனார் காலத்தைப் பின்னோக்கிச் சுழற்றியபோது அதன் அடியில் போய் நின்ற இடம் ஒரு சமையற்கட்டு. களைத்துத் தடுமாறிய ஓர் உழைப்பாளியின் கணக்கு அங்கே எழுதப்பட்டிருக்கிறது. நம் காப்பியங்களில் சோறு சமைத்தவனின் உயிருக்கு அரசகுமாரனின் உயிர் ஈடாகச் சொல்லப்பட்ட இடம் எனக்குத் தெரிந்து இது ஒன்றுதான். கையில் அமுதசுரபியோடு மணிமேகலை ஊர்ப்பசியைத் தீர்க்கிறாள், சிறைச்சாலையை அறக்கோட்டமாக மாற்றச் செய்கிறாள். அவள் பாதை துறவு, எல்லாப் பெண்களுக்கும் அதைப் பரிந்துரைக்க என்னால் முடியாது. ஆசையையும் வைத்துக்கொண்டு தன் நேரத்தையும் வைத்துக்கொள்ளும் பெண் அந்தக் காப்பியத்திலும் இல்லை. அவள் சாபத்தோடு துரத்தப்பட்ட மௌத்கல்யர் மனைவியாகவே இருக்கிறாள்.

ஆகவே என் மாணவிகளுக்கு நான் வைக்கும் வேண்டுகோள் சிறியது. நளாயினி கதையைச் சொல்லுங்கள், நிறுத்த வேண்டாம். கூடையையும் சூரியனையும் சொல்லும்போது, வெட்டப்பட்ட பகுதியையும் சேர்த்துச் சொல்லுங்கள்: இன்னும் வேண்டும் என்று கேட்டாள், அதற்காகச் சபிக்கப்பட்டாள் என்று. பிறகு வகுப்பிலோ வீட்டிலோ கேட்பவர்களிடம் அந்த 201 நிமிடத்தைப் பற்றிக் கேளுங்கள். அதைத் திருப்பி வாங்கச் சூரியனை நிறுத்த வேண்டியதில்லை. ராகுகாலம்வரை காத்திருக்க வேண்டியதில்லை. சாப்பிட்ட தட்டை அவரவர் கழுவுவதிலிருந்து அது தொடங்கும். மேல்தளத்து மாமிக்கு நான் சொல்ல விரும்புவதும் ஒன்றுதான், அவர் கேட்கும் அன்று சொல்வேன்: எங்கேயும் தப்பவில்லை மாமி, அது உங்கள் கையில் இருந்ததே இல்லை.